16 மணி நேரம் தடுமாறும் முட்டை

செல் பிரிதல் படத்தை வரையாமல் பள்ளியைத் தாண்டியவர்கள் குறைவு. ஒரு வட்டம். எதிரெதிரே இரண்டு புள்ளிகள். அவற்றிலிருந்து கிளம்பும் இழைகள் நடுவே பருத்து, முனைகளில் கூம்பும். நட்டநடுவில் குரோமோசோம்கள் வரிசைகட்டி நிற்கும். ராட்டையில் நூல் சுற்றும் கதிரின் வடிவத்தில் இருப்பதால் அந்த இழைக்கட்டைப் பாடநூல்கள் கதிர்கோல் என்கின்றன. தோல் செல், குடல் செல் எல்லாம் ஏறக்குறைய இந்தப் படத்தின்படிதான் பிரிகின்றன. ஆனால் பெண்ணின் கருமுட்டைக்கு இதை வரைந்து வைத்தால் தப்பு. அங்கே அந்த இரண்டு புள்ளிகளே இல்லை. கதிர்கோலும் சட்டென்று எழுந்து நிற்பதில்லை. முதலில் உருண்டையாகத் திரள்கிறது. இரண்டு முனை வருகிறது, மூன்றாகப் பிளக்கிறது, மறுபடி கூடுகிறது. ஒருவழியாக நிலைகொள்ள ஏறத்தாழ 16 மணி நேரம் ஆகிவிடுகிறது.

உயிருள்ள மனித முட்டைக்குள் இந்தத் தடுமாற்றத்தை மணிக்கணக்கில் படம்பிடித்து, 2015-இல் சயின்ஸ் இதழில் வெளியிட்ட குழுவை வழிநடத்தியவர் மெலினா ஷூ. ஜெர்மனியில் 1980-இல் பிறந்த செல் உயிரியலாளர். இன்று கோட்டிங்கன் நகரில் உள்ள மாக்ஸ் பிளாங்க் ஆய்வு நிறுவனத்தின் இயக்குநர்களில் ஒருவர். அவருடைய ஆய்வுகளை வரிசையாகப் படித்தபோது எனக்குத் தோன்றியது இதுதான்: அவர் கண்டுபிடித்தவற்றில் பாதி, முட்டையைப் பார்ப்பதற்கான வழிகள். மறுபாதி, எலியை வைத்து மனிதருக்குக் கணக்குப் போட முடியாது என்பதற்கான சாட்சியங்கள்.

முதலில் முட்டையின் நிலைமையைச் சொல்லிவிடலாம். பாலூட்டிகளுக்கும் முட்டை உண்டு என்பதே 1827-இல்தான் உறுதியானது. கார்ல் எர்ன்ஸ்ட் ஃபான் பேயர் ஒரு நாயின் சினைப்பையில் அதைக் கண்டார். மனித முட்டையின் விட்டம் சுமார் 0.12 மில்லிமீட்டர். நம் உடலின் மற்ற செல்களோடு ஒப்பிட்டால் இது பூதம். பெண் சிசு ஐந்து மாதக் கருவாக இருக்கும்போது அதன் சினைப்பைகளில் 60, 70 லட்சம் முட்டைச் செல்கள் இருக்கும். பிறக்கும்போது 10 முதல் 20 லட்சமாகக் குறையும், பூப்படையும் வயதில் மூன்று, நான்கு லட்சமாகும். வாழ்நாள் முழுவதும் முதிர்ந்து வெளியேறுபவை 400, 500தான்.

இவை அத்தனையும் கருவிலேயே, குரோமோசோம் எண்ணிக்கையைப் பாதியாக்கும் குன்றல் பகுப்பைத் தொடங்கிவிட்டு, பாதியில் நின்றுவிடுகின்றன. குரோமோசோம்கள் ஜோடி ஜோடியாகப் பின்னிக் கிடக்கும், பிரிவது மட்டும் நடக்காது. பூப்புக்குப் பிறகு மாதம் ஒன்று, ஹார்மோன் அழைப்பு வந்ததும் விட்ட இடத்திலிருந்து தொடரும். 40 வயதில் வெளிவரும் முட்டை 40 ஆண்டுகள் அந்த நிலையிலேயே காத்திருந்த முட்டை. இவ்வளவு காலமும் குரோமோசோம்களைச் சேர்த்துப் பிடித்து வைத்திருப்பவை கொஹீசின் என்ற புரத வளையங்கள். கருக்காலத்தில் பூட்டிய வளையங்கள் பின்னால் மாற்றப்படுவதில்லை என்று எலி முட்டைகளில் 2010-இல் வெளியான ஒரு ஆய்வு காட்டியது. வீடு கட்டியபோது போட்ட கீலையே கடைசிவரை நம்பியிருப்பது போல.

பிரியும் நேரத்தில் ஒரு குரோமோசோம் கூடினாலும் குறைந்தாலும் அந்த முட்டையிலிருந்து வரும் கரு பெரும்பாலும் நிலைக்காது. முதல் மூன்று மாதங்களில் கலையும் கருக்களில் ஏறக்குறைய பாதிக்கு இதுவே காரணம். நம் வீடுகளில் கரு தங்காமல் போனால் அவள் ஸ்கூட்டர் ஓட்டினாள், பப்பாளி தின்றாள் என்று காரணம் தேடுவார்கள். பெரும்பாலும் கணக்கு அதற்கு முன்பே, கருத்தரிப்பதற்கும் முன்பே, முட்டைக்குள் முடிந்துவிட்டிருக்கும். டவுன் சிண்ட்ரோம் தாயின் வயதோடு தொடர்புடையது, தந்தையின் வயதோடு அல்ல என்று லயனல் பென்ரோஸ் 1933-இலேயே காட்டினார். கூடுதலாக ஒரு 21-ஆம் குரோமோசோம் இருப்பதே அதன் காரணம் என்பது 1959-இல் தெரியவந்தது. 30-களின் தொடக்கத்தில் இருக்கும் பெண்களின் முட்டைகளிலேயே ஐந்தில் ஒன்று போலக் கணக்குப் பிசகியிருக்கிறது. 40-ஐத் தாண்டினால் பாதிக்கு மேல். ஏன் இப்படி என்று கேட்டால் முட்டைக்குள் பார்க்க வேண்டும். அதுதான் யாராலும் முடியாமல் இருந்தது.

இங்கே ஒரு பழைய கதையைச் சொல்ல வேண்டும். 1960-களில் இங்கிலாந்தில் ராபர்ட் எட்வர்ட்ஸ், அறுவைச் சிகிச்சைகளில் அகற்றப்பட்ட சினைப்பைத் திசுவிலிருந்து மனித முட்டைகளை எடுத்துக் கண்ணாடித் தட்டில் முதிரவைக்க முயன்றார். எலிக்கும் முயலுக்கும் 12 மணி நேரம் போதும். மனித முட்டையில் 12 மணி நேரம் கழித்துப் பார்த்தால் ஒரு அசைவும் இல்லை. பலமுறை ஏமாந்த பிறகுதான், இது மெதுவாக நகரும் முட்டையாக இருந்தால் என்ன செய்வது என்று நேரத்தை இரட்டிப்பாக்கிக் காத்திருந்தார். 24 மணி நேரத்துக்குப் பிறகு முட்டை விழித்தது. 1965-இல் அவர் வெளியிட்ட அந்தக் காலக்கணக்கிலிருந்துதான் சோதனைக் குழாய்க் குழந்தைக்கான பாதை தொடங்குகிறது. 1978 ஜூலையில் அப்படிப்பட்ட முதல் குழந்தையாக லூயிஸ் பிரவுன் பிறந்தார். 1980-இல் எட்வர்ட்ஸும் அவரோடு உழைத்த மகப்பேறு மருத்துவர் பேட்ரிக் ஸ்டெப்டோவும் கேம்பிரிட்ஜுக்கு அருகே போர்ன் ஹால் என்ற மருத்துவமனையைத் தொடங்கினார்கள். அந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஷூ தொடங்கியது முட்டையில் அல்ல, ஈயில். பைராய்ட் பல்கலைக்கழகத்தில் உயிர்வேதியியல் படித்தபோது, பழ ஈயின் இளம் கருவில் குரோமோசோமின் இடுப்புப் பகுதியில் ஒரு புரதம் எந்தத் தருணத்தில் வந்து அமர்கிறது என்று ஆராய்ந்தார். ஒளிரும் புரதத்தைக் கட்டிவிட்டு, உயிருள்ள கருவை நுண்ணோக்கியில் தொடர்ந்து பார்ப்பது அந்த வேலை. அடுத்து ஹைடல்பெர்கில் உள்ள ஐரோப்பிய மூலக்கூறு உயிரியல் ஆய்வகத்தில், யான் எல்லென்பெர்கின் குழுவில் முனைவர் பட்டத்துக்குச் சேர்ந்தார். ஈயில் பழகிய கண் இப்போது எலி முட்டைக்கு மாறியது.

முட்டை அடம்பிடிக்கும் செல். பெரிய உருண்டை என்பதால் உள்ளே ஆழமாகப் பார்க்க வேண்டும். பார்க்க ஒளி வேண்டும், ஒளி அதிகமானால் முட்டை செத்துவிடும். மணிக்கணக்கில் படம் எடுக்கும்போது குரோமோசோம் கூட்டம் நகர்ந்துகொண்டே இருப்பதால் குவியமும் தப்பும். மிகக் குறைந்த ஒளியில், குரோமோசோம்களைத் தானாகவே பின்தொடரும்படி நுண்ணோக்கியைப் பழக்கினார்கள். எதைப் பார்க்க வேண்டுமோ அந்தப் புரதத்தை ஒளிரும் வால் ஒன்றோடு தயாரிக்கச் சொல்லும் எம்ஆர்என்ஏவை நுண்ணூசியால் முட்டைக்குள் செலுத்தினார்கள். கொரோனா தடுப்பூசி அந்தச் சொல்லை டீக்கடை வரைக்கும் கொண்டுவருவதற்குப் பதின்மூன்று, பதினான்கு ஆண்டுகளுக்கு முந்தைய கதை இது.

கிடைத்த விடை 2007-இல் செல் இதழில் வந்தது. பாடநூல் படத்தின் இரண்டு புள்ளிகள் எலி முட்டையிலும் இல்லை. அதற்குப் பதிலாக 80-க்கும் மேற்பட்ட குட்டி மையங்கள் ஆங்காங்கே தோன்றுகின்றன. எல்லாம் நடுவுக்கு வந்து ஒரு பந்தாகத் திரண்டு, பிறகு தமக்குள்ளேயே இரண்டு முனைகளாகப் பிரிந்துகொள்கின்றன. மேஸ்திரி யாரும் இல்லாமல் கொத்தனார்களே கூடிக் கட்டிடத்தை எழுப்பிவிடுகிறார்கள்.

அடுத்த ஆண்டு இன்னொரு கேள்வி. முட்டை சமமாகப் பிரியக் கூடாது. கருவின் முதல் நாட்களுக்கான சேமிப்பு முழுவதும் ஒரே செல்லில் இருந்தாக வேண்டும். நிலம் நீச்சு எல்லாம் மூத்தவனுக்கு, இளையவனுக்குப் பெயரளவில் ஒரு சொம்பு என்று முடியும் பாகப்பிரிவினை இது. இளையவன் துருவச் செல் என்ற சிறு துணுக்காக ஒதுக்கப்பட்டு அழிந்துபோவான். இதற்காகக் கதிர்கோல் நடுவிலிருந்து ஓரத்துக்கு நகர்கிறது. வழக்கமான செல்களில் இத்தகைய நகர்வுக்கு, கதிர்கோலின் இழைகளாகவும் இருக்கும் நுண்குழல்கள் கயிறாகும். இங்கே அந்த வேலையைச் செய்வது ஆக்டின் இழைகளின் வலை என்று ஷூவும் எல்லென்பெர்கும் காட்டினார்கள். தசையில் இருக்கும் அதே ஆக்டின்தான். பின்னாளில், 2017-இல், ஷூவின் குழுவில் இருந்த பின்யாம் மொகெஸ்ஸி கதிர்கோலுக்கு உள்ளேயே ஆக்டின் இழைகள் ஓடுவதையும், அவை குரோமோசோம்கள் சரியாகப் பிரிய உதவுவதையும் கண்டார். நுண்குழல்களின் வீடு என்று எல்லோரும் நினைத்திருந்த இடத்தில் ஆக்டினும் குடியிருந்தது.

2009-இல் கேம்பிரிட்ஜின் மூலக்கூறு உயிரியல் ஆய்வகத்தில் அவருக்குத் தனிக் குழு கிடைத்தது. கிரிக், பெருட்ஸ், சாங்கர் போன்ற நோபல் அறிஞர்கள் நடமாடிய நிறுவனம். அங்கே செய்தவற்றில் இரண்டு முயற்சிகளைச் சொல்ல வேண்டும், இரண்டுமே வழி கண்டுபிடித்த கதைகள்.

ஒரு மரபணுவின் வேலையை அறிய அதை அணைத்துப் பார்ப்பது வழக்கம். முட்டையில் அது எடுபடாது. கட்டளையை நிறுத்தினாலும், முன்பே செய்து சேர்த்து வைத்த புரதம் இருந்துகொண்டே இருக்கும். ஆகவே முட்டை வளர்ந்துகொண்டிருக்கும்போதே அணைக்க வேண்டும். ஷூவின் குழு, எலிக்குட்டிகளின் சினைப்பையிலிருந்து முட்டையைச் சுற்றியுள்ள பையோடு சேர்த்து எடுத்து, அணைக்கும் மூலக்கூறுகளை ஊசியால் செலுத்தி, ஆய்வகத்திலேயே நாள்கணக்கில் வளர்த்தது. இந்த முறையில் 700-க்கும் மேற்பட்ட மரபணுக்களைச் சோதித்து 2015-இல் நேச்சர் இதழில் வெளியிட்டார்கள். ஒவ்வொரு பையாகக் கையால் ஊசி போட்ட உழைப்பை நினைத்தால் எனக்குப் பூ கட்டுபவர்களின் விரல்கள்தான் ஞாபகத்துக்கு வருகின்றன.

இரண்டாவது முறைக்கு ட்ரிம்-அவே என்று பெயர். அதே ஆய்வகத்தில் லியோ ஜேம்ஸ் என்பவர் ட்ரிம்21 என்ற புரதத்தை ஆராய்ந்து வந்தார். வைரஸின் மேல் ஒட்டிக்கொண்டு செல்லுக்குள் நுழைந்துவிடும் எதிர்ப்பொருளை அடையாளம் கண்டு, அதோடு வந்ததையும் சேர்த்துக் குப்பைக்கு அனுப்பும் காவலாளி அது. வைரஸை மட்டும்தான் அனுப்ப வேண்டுமா என்ன? அழிக்க விரும்பும் புரதத்துக்கான எதிர்ப்பொருளை முட்டைக்குள் செலுத்தினால் போதும். காவலாளி வந்து சில நிமிடங்களில் அந்தப் புரதத்தையே துடைத்துவிடும். டீன் கிளிஃப்ட் முன்னின்று செய்த இந்த வேலை 2017-இல் வெளியாகி, முட்டையோடு தொடர்பே இல்லாத ஆய்வகங்களிலும் புழக்கத்துக்கு வந்துவிட்டது. என்னைக் கேட்டால், ஷூவின் பணியில் நீண்ட நாள் நிற்கப்போவது இந்தக் கருவிதான்.

இப்போது போர்ன் ஹாலுக்கு வருவோம். செயற்கைக் கருத்தரிப்புக்காக ஊசிகள் போட்டு முட்டைகளைச் சேகரிக்கும்போது சில முட்டைகள் முதிராமல் வரும். விந்தணுவை ஊசியால் செலுத்தும் சிகிச்சைக்கு அவை பயன்படாது, வீணாகப் போகும். அவற்றை ஆய்வுக்குத் தர நோயாளிகள் சம்மதித்தார்கள். ஷூவின் குழுவில் இருந்த சுசானா ஹோலுப்சோவா அந்த முட்டைகளுக்குள் எம்ஆர்என்ஏ செலுத்தி இரவு பகலாகப் படம்பிடித்தார். கட்டுரையில் போர்ன் ஹாலின் கே எல்டரும் மார்ட்டின் பிளேனியும் கூட்டாசிரியர்கள். எட்வர்ட்ஸ் மனித முட்டைக்காகக் கூடுதலாக 12 மணி நேரம் காத்திருக்கக் கற்றுக்கொண்டு ஐம்பது ஆண்டுகள் ஆகியிருந்தன. அவர் தொடங்கிய மருத்துவமனையின் முட்டைகளில் மறுபடியும் அதே பாடம் கிடைத்தது. எலியில் கதிர்கோல் எழ மூன்றிலிருந்து ஐந்து மணி நேரம். மனிதரில் 16. எலியில் பார்த்த அந்த 80 குட்டி மையங்களும் மனித முட்டையில் தென்படவில்லை. குரோமோசோம்களே தம்மைச் சுற்றி இழைகளை வளர்த்துக்கொண்டன. எழுந்த கதிர்கோலும் நிலையாக இல்லை. முனைகள் பிளந்து சேர்ந்துகொண்டிருந்த முட்டைகளில் குரோமோசோம்கள் பின்தங்கிப் பிசகுவது அதிகமாக இருந்தது. வயதான பெண்களின் முட்டைகளில் மட்டும் நடந்த கூத்தல்ல இது. இளம் பெண்களின் முட்டைகளிலும் இந்தத் தள்ளாட்டம் இருந்தது.

வயதின் பங்கு தனிக் கதை. ஷூவின் குழுவில் ஆகட்டா ஜீலின்ஸ்கா, ஒட்டி இருக்க வேண்டிய குரோமோசோம் இணைகளின் பிடிப்பிடங்கள் வயது கூடக்கூட விலகிப்போவதைப் படம்பிடித்தார். அந்தப் பழைய கீல்கள் தேய்ந்துபோவதோடு ஒத்துப்போகும் காட்சி அது. ஆக மனித முட்டைக்கு இரட்டைச் சுமை. பிறவியிலேயே தள்ளாடும் கதிர்கோல் ஒன்று, வருடங்களில் தளரும் பிணைப்பு இன்னொன்று.

ஒரு ஆட்சேபத்தையும் பதிவு செய்யலாம். ஹார்மோன் ஊசி போட்டும் முதிராமல் நின்ற முட்டைகள்தானே இவை, இயல்பான மாதச் சுழற்சியில் வரும் முட்டையும் இப்படியே நடக்கும் என்று எப்படிச் சொல்வது? நியாயமான கேள்விதான். ஆனால் ஆய்வுக்குக் கிடைப்பவை இந்த முட்டைகளே. இந்தத் துறையில் மனித முட்டையைப் பற்றி எழுதப்படும் எல்லா வரிகளுக்கும் இந்த அடிக்குறிப்பு பொருந்தும்.

2016-இல் ஷூ கோட்டிங்கனுக்குப் போனார். குன்றல் பகுப்புக்கென்றே ஒரு துறை, நீண்ட கால நிதி, மிக நுணுக்கமாகப் பார்க்கும் நுண்ணோக்கிக்காக நோபல் பெற்ற ஸ்டெஃபான் ஹெல் பக்கத்துத் துறையில். 2018-இல் ஐரோப்பிய மூலக்கூறு உயிரியல் அமைப்பான எம்போவின் தங்கப் பதக்கமும், 2019-இல் 25 லட்சம் யூரோ மதிப்புள்ள ஜெர்மனியின் லைப்னிட்ஸ் பரிசும் வந்தன. அந்த வசதிகளோடு 2015-இன் கேள்விக்குத் திரும்பினார்கள்: மனித முட்டையின் கதிர்கோல் ஏன் தள்ளாடுகிறது? குட்டி மையங்கள் இல்லாததால் என்று சொல்லிவிட ஆசையாக இருக்கும். ஆனால் பசுவின் முட்டையிலும் பன்றியின் முட்டையிலும்கூட அவை இல்லை, அவற்றின் கதிர்கோல்களோ கல்லுப்போல நிற்கின்றன. சுன் ஸோ முதன்மை ஆசிரியராக 2022-இல் வந்த ஆய்வு காரணத்தைச் சுட்டியது. கே.ஐ.எஃப்.சி.1 என்ற மோட்டார் புரதம் மனித முட்டையில் பற்றாக்குறை. விளக்குமாற்றின் கட்டு போல இழைகளை முனையில் சேர்த்துப் பிடிப்பது அதன் வேலை. பசுவின் முட்டையில் அதை நீக்கினால் அதுவும் மனித முட்டைபோலத் தள்ளாடத் தொடங்கியது. மனித முட்டைக்குள் அதைச் செலுத்தினால் தள்ளாட்டம் அடங்கியது. அதே ஆண்டின் இறுதியில் ஷாங்காயின் ஃபூடான் பல்கலைக்கழகக் குழு ஒன்று, மனித முட்டையிலும் ஒருவகை மையம் தோன்றுகிறது, அங்கிருந்தே இழைகள் புறப்படுகின்றன என்று எழுதியது. குரோமோசோம்கள்தான் தொடங்கிவைக்கின்றனவா, இந்த மையமா என்ற வாதம் அதோடு சூடுபிடித்தது.

முட்டைக்குள் இருக்கும் மற்ற சரக்குகள் பக்கமும் ஷூவின் குழு திரும்பியது. முட்டையின் உள்ளே பின்னல் பாய் போன்ற அமைப்புகள் இருப்பதை 1960-களிலேயே எலக்ட்ரான் நுண்ணோக்கியில் பார்த்திருந்தார்கள். அவை எதற்கு என்பதில் பல ஊகங்கள். 2023-இல் இடா யென்டோஃப்ட் முன்னின்ற ஆய்வு அவற்றைப் பத்தாயம் என்று நிறுவியது. நெல் அல்ல, கரு தன் முதல் நாட்களில் செலவழிக்க வேண்டிய புரதங்கள் அந்தப் பாய்களில் ஒட்டி வைக்கப்பட்டிருக்கின்றன. பாயை நெய்யும் மரபணுக்களில் பிழை இருந்தால், கருத்தரித்த முட்டை சில பிரிவுகளோடு நின்றுவிடுகிறது. அப்படி நின்றுபோகும் பெண்களுக்கு இதுவரை 'காரணம் தெரியவில்லை' என்ற சீட்டுதான் கிடைத்துவந்தது.

ஜெர்மனியில் ஆய்வுக்காக மனிதக் கருவை உருவாக்க 1990-ஆம் ஆண்டுச் சட்டம் தடை போடுகிறது. ஆகவே விந்தும் முட்டையும் சேர்ந்த முதல் மணிநேரங்களைப் பார்க்க, இறைச்சிக் கூடத்தில் கிடைக்கும் பசுச் சினைப்பைகள் கைகொடுத்தன. முட்டையிலிருந்து பிசகின்றித் தப்பிய குரோமோசோம்கள், தாய் தந்தை உட்கருக்கள் ஒன்றுசேரும் அந்தக் கட்டத்திலும் தவறக்கூடும் என்று 2021-இல் எழுதினார்கள்.

அண்மையில் ஷூ, ஜீலின்ஸ்கா உள்ளிட்டோர் சேர்ந்து ஓவோ லேப்ஸ் என்ற நிறுவனத்தைத் தொடங்கியிருக்கிறார்கள். வயதாகும் முட்டைகளில் பிசகைக் குறைக்கும் சிகிச்சை அதன் குறி. இப்போதைக்கு அது சிகிச்சையாகவில்லை. முட்டையைப் புதுப்பித்துத் தருகிறோம் என்று எந்த விளம்பரமாவது இன்றைக்கே சொன்னால், என்ன புரதம், எந்த ஆய்வு என்று கேட்பதில் தப்பில்லை.

2024-இல் வந்த இன்னொரு ஆய்வில், எலிகளைக் கருவில் இருக்கும்போதே, சற்று எடை கூடிய அணுக்கள் கொண்ட உணவால் அடையாளமிட்டார்கள். பிறந்த பிறகு சாதாரண உணவுக்கு மாற்றினார்கள். மாதங்கள் கழித்துப் பார்த்தால், மற்ற உறுப்புகளில் சில நாட்களில் மாறிவிடும் புரதங்கள் பலவும், பிறப்பதற்கு முன்பு செய்யப்பட்டவை, முட்டையிலும் சினைப்பையிலும் அப்படியே கிடந்தன. எலிக்கு வயதாக ஆக அவை குறைந்துகொண்டே வந்தன. இனப்பெருக்கத் திறன் இறங்கும் காலமும் அதுவே. பெண்ணின் சினைப்பையில் இதே கணக்கைப் போட்டுப் பார்க்க வேண்டும். ஆனால் அதற்காக உணவை மாற்றி அடையாளமிட்ட தாய்மார்கள் யாரும் இல்லை.